மெல்போர்ன் போறேன், எனக்கு கிரிக்கெட் மட்டும்தான் தெரியும். எம்சிஜி (மெல்போர்ன் கிரிக்கெட் கிரவுண்ட்) உள்ள இருக்கற ஆஸ்திரேலியன் ஸ்போர்ட்ஸ் மியூசியம் பாக்க ஒர்த்தா?

கண்டிப்பா போங்க. பிராட்மேனோட பேகி கிரீன், அதாவது ஆஸ்திரேலிய டெஸ்ட் டீமோட பச்சைத் தொப்பி, அங்க இருக்கு, அத நீங்களே தேடிப் போயிடுவீங்க, அதப் பத்தி நான் சொல்ல வேண்டாம். ஆனா கிரிக்கெட் மட்டும் தெரிஞ்சவங்க ஃபுட்டி (ஆஸ்திரேலியாவோட சொந்த ஃபுட்பால்) பக்கத்த கண்டுக்காம தாண்டிப் போயிடறாங்க, அத மட்டும் பண்ணிடாதீங்க ப்ளீஸ்.

அங்கதான் 1859 மே மாசம் கையால எழுதின ஆஸ்திரேலியன் ஃபுட்பால் ரூல்ஸ் இருக்கு. மொத்தமே பத்து ரூல். நமக்குத் தெரிஞ்ச சாக்கருக்கு இங்கிலாந்து ஃபுட்பால் அசோசியேஷன் ரூல்ஸ் வந்ததே 1863-லதான், அதுக்கும் முந்தினது இது. அத எழுதினவங்கள்ல ஒருத்தர் டாம் வில்ஸ், அப்போ விக்டோரியாவோட பெரிய கிரிக்கெட்டர். முந்தின வருஷம் அவர் ஒரு பத்திரிகைக்கு லெட்டர் போட்டிருந்தார், கிரிக்கெட் ஆடறவங்க குளிர்காலத்துல சும்மா இருந்து உடம்பு விட்டுப்போகக் கூடாது, ஒரு ஃபுட்பால் கிளப் ஆரம்பிக்கலாம்னு. அதாவது அந்த ஊரோட சொந்த விளையாட்டே கிரிக்கெட் ஆளுங்ககிட்ட இருந்து வந்ததுதான்.

இதுக்கப்புறம் வர்றதுதான் என்னால மறக்கவே முடியாத கதை. 1861-ல குவீன்ஸ்லாந்துல வில்ஸோட அப்பாவையும் கூட இருந்த 18 பேரையும் பூர்வகுடி ஆளுங்க கொன்னுட்டாங்க, அதுக்கு பழிவாங்கறோம்னு வெள்ளைக்காரங்க கொன்ன பூர்வகுடி மக்கள் அத விட எத்தனையோ மடங்கு. இதெல்லாம் நடந்து அஞ்சே வருஷத்துல, 1866 பாக்ஸிங் டே (டிசம்பர் 26) அன்னிக்கு, அதே வில்ஸ் ஒரு பூர்வகுடி கிரிக்கெட் டீமுக்கு கோச்சா, கேப்டனா இதே எம்சிஜில இறங்கி ஆடறார். அந்த டீம்ல இருந்த பல பேர் 1868-ல இங்கிலாந்து போனாங்க, 47 மேட்ச், 14 வெற்றி, 14 தோல்வி, 19 டிரா. முதல் டெஸ்ட் மேட்ச் நடந்தது 1877-ல, அதுக்கு ஒன்பது வருஷம் முன்னாடியே இங்கிலாந்து டூர் போன முதல் ஆஸ்திரேலிய டீம் இவங்கதான். இப்பவும் பாக்ஸிங் டே டெஸ்ட்ல பெஸ்ட் பிளேயருக்கு தர்ற மெடல் அந்த டீமோட ஜானி முல்லா பேர்லதான்.

இத மனசுல வச்சுக்கிட்டு ஓட்டப்பந்தய வீராங்கனை கேத்தி ஃப்ரீமேனோட சிட்னி 2000 ஒலிம்பிக் டிரெஸ் முன்னாடி போய் நில்லுங்க. 400 மீட்டர், 49.11 செகண்ட், தனிநபர் போட்டில ஒலிம்பிக் தங்கம் ஜெயிச்ச முதல் பூர்வகுடி ஆஸ்திரேலியர். ஜெயிச்சதும் ஆஸ்திரேலியக் கொடி, பூர்வகுடி மக்கள் கொடி ரெண்டையும் சேத்துப் பிடிச்சுக்கிட்டு சுத்தி வந்தாங்க. இத வெறும் ஒரு ரேஸ் டிரெஸ்ஸா பாத்துட்டு நகர்ந்துட்டா அந்த மியூசியத்துக்குப் போனதே பாதிதான்.

ஃபார் லாப்ங்கற பேர்போன ரேஸ் குதிரைய இங்க தேடாதீங்க, அதோட தோல் மெல்போர்ன் மியூசியத்துல, இதயம் கான்பெராவுல, எலும்புக்கூடு நியூசிலாந்துல இருக்கு. குழந்தைங்க வந்தா அவங்களே விளையாடிப் பாக்கற கேம்ஸ் பகுதி ஒண்ணு இருக்கு, அங்க இருந்து கிளப்பறது கஷ்டம், கடைசியா கூட்டிட்டுப் போங்க. கிரவுண்ட் டூரும் மியூசியமும் சேத்து ஒரே டிக்கெட்டா கிடைக்கும், அதையே எடுங்க, ஆனா மேட்ச் இருக்கற நாள்ல டூர் கிடையாது, தேதி பாத்து பிளான் பண்ணுங்க. கேட் 3 வழியா உள்ள போகணும், ரயில்ல வந்தா ஜோலிமான்ட் ஸ்டேஷன்ல இறங்கி நடந்துடலாம். வெளிய வந்ததும் வில்ஸ் சிலையையும், கிரவுண்ட சுத்தி இருக்கற யாரா பார்க்ல பூர்வகுடி மக்கள் பட்டை உரிச்ச தழும்போட நிக்கற பழைய மரத்தையும் பாக்காம ரயில் ஏறிடாதீங்க.