ஷெர்லாக்கில் மிதக்கும் எழுத்துகள் யார் வேலை?

பிபிசியின் 'ஷெர்லாக்' தொடரில் குறுஞ்செய்திகளைத் திரையில் மிதக்கவிட்டவர் இயக்குநர் பால் மெக்விகன். ஸ்காட்லாந்தின் பெல்ஷில் ஊரில் 1963-இல் பிறந்தவர்; முதலில் புகைப்படக்காரர், பிறகு ஆவணப்படம், சினிமா. 2010, 2012 சீசன்களில் தலா இரண்டு எபிசோடுகள் இவருடையவை.

கைபேசித் திரையை க்ளோசப்பில் காட்டினால், படிக்கிறவரின் முகம் காணாமல் போய்விடும். காட்சிக்கு அந்த முகம்தானே உயிர்! எழுத்தைப் பக்கத்திலேயே போட்டால் சேதியும் முகபாவமும் ஒரே ஷாட்டில் கிடைக்கும். ஆனால் எடிட்டிங்கில் பார்த்துக்கொள்ளலாம் என்று இருந்துவிட முடியாது. படமெடுக்கும்போதே ஃப்ரேமில் காலியிடம் விடவேண்டும். இல்லாவிட்டால் எழுத்து மூக்கின் மேல் உட்காரும். முதல் எபிசோடின் செய்தியாளர் சந்திப்பில், அத்தனை கைபேசிகளுக்கும் ஒரே நேரத்தில் 'தவறு!' என்று சேதி வரும் இடத்தை நிறுத்திப் பாருங்கள்.