சிம்மாசனத்தை விடுங்கள், ஆயாக்களைத் தேடுங்கள்

ஆவணப்படம் பற்றிய வாசகர் கேள்விகளுக்கு டர்பனிலிருந்து ஓர் ஒளிப்பதிவாளர் பதில்

கேள்வி: சென்னையிலிருந்து கிளம்பிய ‘குரோவ்னர்’ கப்பல் நம் தென்னாப்பிரிக்கக் கடற்கரையில் உடைந்தது, அதில் டில்லி மயில் சிம்மாசனம் இருந்தது என்பார் என் தாத்தா. புதையல் கதையாக ஆவணப்படம் எடுத்தால் எடுபடுமா? (கல்லூரி மாணவர், சாட்ஸ்வர்த்)

எடுபடும் தம்பி. ஆனால் சிம்மாசனத்தை நாதிர் ஷா 1739லேயே பாரசீகத்துக்குத் தூக்கிப் போய்விட்டார். கப்பல் உடைந்தது 1782ல். இந்த வதந்தியை நம்பிச் சுரங்கம் தோண்டிய கம்பெனிகூட உண்டு. காசு போட்டவர்களுக்கு மிஞ்சியது உப்புத் தண்ணீர்.

கதை வேறு இடத்தில் இருக்கிறது. ஆகஸ்ட் 4, விடிவதற்கு முன். கரை இன்னும் வெகு தொலைவு என்பது கேப்டனின் கணக்கு. காவல் நின்றவர்கள் வெளிச்சம் தெரிகிறது என்று சொல்லியும் எடுபடவில்லை. டர்பனுக்குத் தெற்கே உள்ள பொண்டோலாந்துக் கரைப் பாறையில் கப்பல் மோதியது. ஏறக்குறைய 150 பேரில் 120க்கு மேல் உயிரோடு கரையேறினார்கள். பிறகு கேப்பை, அதாவது அப்போது டச்சுக்காரர் ஆண்ட கேப் டவுனை, நோக்கி நடை. பசியில் விழுந்தவர்கள் போக, அந்தக் கரையோர மக்களோடே தங்கிவிட்டவர்களும் உண்டு. கேப் வந்து சேர்ந்தது 18 பேர். அதில் ஆறு பேர் தாமாக வந்தார்கள். மற்றவர்களை டச்சுக்காரர் அனுப்பிய தேடுதல் குழு அழைத்து வந்தது. அந்தப் பன்னிரண்டு பேரில் ஏழு பேர் லஸ்கர்கள், அதாவது ஆசிய மாலுமிகள், இரண்டு பேர் ஆயாக்கள்! துரைசானிகளின் குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளக் கப்பலேறிய பெண்கள், அவ்வளவு தூரம் எப்படித் தாக்குப்பிடித்தார்கள்? உங்கள் படம் அதுதான்.

கடலுக்குள் கேமரா இறக்க வேண்டாம். அலை நுரையில் மோர் கடைந்த மாதிரிதான் தெரியும். நடந்த வழியை எடுங்கள். ஆறு கடலில் சேரும் இடங்களில் ஓதம் இறங்கி நீர் வற்றும்வரை உட்கார்ந்திருங்கள். மைக்குக்கு ரோம உறை கட்டாயம். நான் முதல்முறை போனபோது கைக்குட்டையைச் சுற்றினேன், ஹெட்போனும் மாட்டவில்லை. ஒரு பெரியவரின் முக்கால் மணி நேரப் பேச்சைக் காற்று தின்றுவிட்டது. மறுமுறை போனேன்; அவர் இல்லை.

கேள்வி: அங்கே பழைய நாணயம் கிடந்தால் எடுத்து வரலாமா?

கூடாது. 60 ஆண்டுக்கு மேற்பட்ட கப்பல் சிதைவுகளுக்கு 1999ஆம் ஆண்டு மரபுரிமைச் சட்டத்தின் பாதுகாப்பு உண்டு. அனுமதி இல்லாமல் கை வைத்தால் குற்றம். பக்கத்தில் அளவுகோல் வைத்து ஒரு ஷாட் எடுத்துக்கொண்டு தகவல் சொல்லுங்கள்.

கேள்வி: 1909ல் டர்பனிலிருந்து கிளம்பி 211 பேரோடு காணாமல் போன ‘வாரட்டா’ கப்பல் கிடைத்துவிட்டதாமே?

1999ல் அப்படித்தான் அறிவித்தார்கள். 2001ல் இறங்கிப் பார்த்தால், உலகப் போரில் மூழ்கடிக்கப்பட்ட ‘நெய்ல்சீ மெடோ’! கடலடியை ஒலியலையால் பார்க்கும் சோனார் படத்தில் எல்லாக் கப்பலும் இருட்டில் படுத்த எருமைதான்.

கேள்வி: எங்கள் பாட்டியின் பாட்டி ‘ட்ரூரோ’வில் வந்தவர். உடையாமல் வந்து சேர்ந்த கப்பலைப் படம் எடுத்தால் யார் பார்ப்பார்கள்? (டோங்காட் வாசகி)

நான் பார்ப்பேன் அம்மா. 1860 நவம்பர் 16 அன்று சென்னையிலிருந்து ஒப்பந்தக் கூலிகளாக 342 பேரோடு டர்பனுக்கு வந்த கப்பல் அது. டர்பனில் உள்ள காந்தி-லுத்துலி ஆவண மையத்தில் கப்பல் பட்டியல்கள் இருக்கின்றன. நம் பெயர்களை வெள்ளைக்கார எழுத்தர் காதில் விழுந்தபடி எழுதியிருப்பார். அதனால் கண்ணால் தேடாமல் வாய்விட்டுப் படித்துத் தேடுங்கள். பெயர் கிடைத்ததும் அதன்மேல் விரலை வையுங்கள். கேமரா அந்த விரலிலேயே நிற்கட்டும், முகத்துக்குத் திருப்ப வேண்டாம்.