டாட்டூவும் ரத்த தானமும்: ரத்த வங்கி ஊழியரிடம் கேளுங்க

கே: போன மாசம் டாட்டூ போட்டேன். சனிக்கிழமை காலேஜ்ல ரத்த தான முகாம். கொடுக்கலாமா?

ப: கூடாது. 2017 தேசிய வழிகாட்டுதல்படி 12 மாசம் காத்திருக்கணும். முகாம்ல தர்ற படிவத்துல இதைக் கேட்பாங்க, மறைக்காதீங்க.

கே: ஏசி கடை, என் கண் முன்னாடிதான் புது ஊசி பிரிச்சாங்க. அப்பவுமா?

ப: ஊசியைப் பார்த்தீங்க, மையைப் பார்த்தீங்களா? பெரிய பாட்டில்ல இருந்து குட்டி மூடியில ஊத்தி, ஊசியை அதுலதான் தொட்டுத் தொட்டுக் குத்துவாங்க. உங்களுக்கு முன்னாடி வந்தவருக்கு ஊத்தின மிச்சம் அதுல இருந்தா, புது ஊசியால என்ன பிரயோஜனம்? கல்லீரலைத் தாக்குற ஹெபடைடிஸ் பி, சி கிருமி புகுந்தாலும் உடம்புக்கு ஒண்ணும் தெரியாது. ரத்தத்துக்கு வழக்கமா பண்ற எலிசா சோதனையில அகப்படவே வாரக்கணக்காகும், சிலருக்கு மாசக்கணக்கு. அந்த இடைவெளியில கொடுத்தா, கிருமி இருந்தும் ரிப்போர்ட் சுத்தமா வரும். ஒரு பையைப் பிரிச்சு சிவப்பணு, தட்டணு, பிளாஸ்மான்னு மூணு பேருக்கு ஏத்துவோம்.

கே: அமெரிக்காவுல 3 மாசம்தானே?

ப: ஆமா, 2020-ல குறைச்சாங்க. மாநில அரசு கண்காணிக்கிற கடையில சுத்தமான ஊசி, புது மைன்னா அந்த 3 மாசமும் இல்லை. ஆனா அங்கே கிருமியோட மரபணுவையே தேடுற நாட் சோதனை வழக்கம். இங்கே அது எல்லா ரத்த வங்கியிலயும் கிடையாது.

கே: பங்குனி உத்திரத்துக்கு அலகு குத்தினேன். அதுக்குமா? சாமி காரியம் சார்.

ப: துளை போடுற எல்லாத்துக்கும் 12 மாசம்தான்.

கே: விபூதி வெச்சுத்தான் குத்துறோம், ரத்தமே வராது. பக்தியைக் கிண்டல் பண்றீங்களா?

ப: நானும் காவடி எடுத்தவன்தான். வேல் குத்துறதைப் பத்திக் கேள்வியே இல்லை, அதே வேல் அதுக்கு முன்னாடி யார் கன்னத்துல போச்சுங்கிறதுதான் கேள்வி. ரத்தம் வெளிய வரலைன்னா உள்ள எதுவும் போகலைன்னு அர்த்தமில்லை. அடுத்த வருஷம் குத்தும்போது உங்களுக்குன்னு தனி வேல் வெச்சுக்கங்க, முருகன் கோவிச்சுக்க மாட்டார். 12 மாசக் கணக்கு அப்பவும் உண்டு.

கே: மருதாணி?

ப: தாராளமா.

கே: கழுத்துல சின்னதா ஒரு நட்சத்திர டாட்டூதான்...

ப: முதல் பதிலைப் படிங்க. மறைக்காதீங்க.

கே: அப்பாவுக்கு ஆபரேஷன், ஒரே குரூப். டாட்டூ போட்டு 4 மாசம்.

ப: நீங்க வேண்டாம். டாட்டூ இல்லைன்னாலும் பெத்த பிள்ளை ரத்தத்தைக் கூடியவரை தவிர்ப்போம், அதுல வேற சிக்கல் இருக்கு. நண்பர்களைக் கூட்டிட்டு வாங்க.

கே: 11 மாசம் ஆச்சு...

ப: அடுத்த மாசம் வாங்க. சாப்பிட்டுட்டு வாங்க.