போரில் தமிழ்நாடு: நன்கொடைப் பட்டியலுக்கு வெளியே

கேள்வி: எல்லையில் நடந்த போர்களில் தமிழ்நாட்டின் பங்கு நிதி திரட்டிக் கொடுத்ததோடு சரி என்கிறார் என் நண்பர். 1965 போரில் பாகிஸ்தானின் பேட்டன் டேங்குகளை அடித்து நொறுக்கியதே ஆவடியில் செய்த டேங்குகள்தான் என்று நான் சொன்னேன். யார் சொல்வது சரி?

பதில்: இரண்டுமே தவறு. முதலில் உங்களுடையதைப் பார்ப்போம்.

1965 போர்நிறுத்தம் செப்டம்பர் 23. ஆவடியில் உருவான முதல் விஜயந்தா டேங்க் தொழிற்சாலையை விட்டு வெளியே வந்தது அதே ஆண்டு டிசம்பர் கடைசியில். மூன்று மாதம் பிந்தி வந்த டேங்க், பேட்டன்கள் நொறுங்கிய பஞ்சாபின் அசல் உத்தரில் எப்படிச் சண்டை போட்டிருக்கும்? அங்கே பேட்டன்களை மறித்தவை பிரிட்டனில் வாங்கிய செஞ்சுரியன்களும், இரண்டாம் உலகப் போர் காலத்து ஷெர்மன்களும், பின்னுதைப்பில்லாத பீரங்கியை ஜீப்பில் ஏற்றிவந்த காலாட்படையும்தான். ஆவடியின் பெருமையை நிலைநாட்ட ஆவடி செய்யாததை அதன் கணக்கில் எழுதினால், அது செய்ததையும் நாளை யாரும் நம்பமாட்டார்கள்.

ஆவடி செய்தது குறைவா? பிரிட்டனின் விக்கர்ஸ் நிறுவனத்துடன் 1961-ல் ஒப்பந்தம். காரே அதிகம் செய்யாத ஒரு நாட்டில், ஏறத்தாழ 39 டன் எடையில், நான்கு பேர் ஏறிப் போரிடும் ஒரு வண்டியைச் சென்னைக்கு வெளியே செய்யத் தொடங்கினார்கள். முதலில் பிரிட்டனிலிருந்து வந்த பாகங்களைப் பூட்டினார்கள், பிறகு ஒவ்வொன்றாக இங்கேயே செய்தார்கள். 1965-ல் நம் செஞ்சுரியன்களில் இருந்த பீரங்கியின் குழல் 84 மில்லிமீட்டர். விஜயந்தாவில் 105 மில்லிமீட்டர். பீரங்கியோடு இணைத்து ஒரு 12.7 மி.மீ. இயந்திரத் துப்பாக்கியும் உண்டு. லேசர் தூரமானி வராத காலம் அது. அந்தத் துப்பாக்கியால் சில ஒளிரும் குண்டுகளைச் சுட்டுப் பார்ப்பார்கள். அவை இலக்கில் விழுந்தால் அதே அளவில் பெரிய குண்டை அனுப்புவார்கள்.

அதன் குறைகளையும் சேர்த்தே சொல்ல வேண்டும். எடையைக் குறைப்பதற்காக முன்கவசத்தை 80 மி.மீ.யோடு நிறுத்தினார்கள், அது மெல்லியது. பெரிய தலைவலி லேலண்ட் எல்60 எஞ்சின். இரண்டு வீச்சு (டூ-ஸ்ட்ரோக்) வகை. ஒரே சிலிண்டருக்குள் எதிரெதிராக ஓடும் இரண்டு பிஸ்டன்கள், ஆறு சிலிண்டருக்குப் பன்னிரண்டு. பல எரிபொருள்களில் ஓட வேண்டும் என்பதற்காக அப்படி வடிவமைத்தார்கள். ஆனால் சிலிண்டர் உறைகள் விரிசல் விட்டன, குளிர்விக்கும் நீரைத் தடுக்கும் சீல்கள் கசிந்தன. இதே எஞ்சினோடு பிரிட்டிஷ் ராணுவத்தின் சீஃப்டன் டேங்கும் இங்கிலாந்தின் குளிரிலேயே திணறியது என்றால், ராஜஸ்தான் வெயிலிலும் தூசியிலும் என்ன ஆகியிருக்கும் என்று யோசியுங்கள். பின்தட்டைத் திறந்து எஞ்சினைப் பளுதூக்கியால் தூக்கி வெளியே வைத்துப் பிரித்து, உறையை மாற்றி மறுபடி இறக்க வேண்டும். வரைபடத்தை அப்படியே பின்பற்றிச் செய்த தொழிலாளியின் தவறல்ல இது, வரைபடத்திலேயே இருந்த பிழை. அதோடு போராடியபடியே 1980-கள் வரை 2,000-க்கும் மேற்பட்ட விஜயந்தாக்களை ஆவடி செய்து கொடுத்தது. அதன் அடிச்சட்டத்தின் மேலேதான் 130 மி.மீ. பீரங்கியை ஏற்றிக் கேட்டபல்ட் என்ற தானே நகர்ந்து செல்லும் பீரங்கியையும் செய்தார்கள்.

நண்பருக்கு இனி. ‘நிதி கொடுத்ததோடு சரி’ என்பவர் ஒருமுறை ஊட்டி மலை ரயிலில் குன்னூர் தாண்டி அருவங்காடு நிலையத்தில் இறங்கிப் பார்க்கட்டும். அங்குள்ள வெடிமருந்துத் தொழிற்சாலை 1904-லிருந்து கார்டைட் செய்தது. துப்பாக்கி, பீரங்கிக் குண்டுகளை உந்தித் தள்ளும் புகை குறைந்த மருந்து அது. அந்தக் காலத்து எம்.டி. வகைக் கார்டைட்டில் நூற்றுக்கு 65 பங்கு வெடிபஞ்சு, 30 பங்கு நைட்ரோகிளிசரின், 5 பங்கு வாசலின்.

கேட்க எளிது, செய்வதோ உயிரைப் பணயம் வைக்கும் வேலை. பஞ்சை நைட்ரிக், கந்தக அமிலக் கலவையில் ஊறவைத்த பிறகு மணிக்கணக்கில் மாற்றி மாற்றி நீரில் கொதிக்கவைக்க வேண்டும். நாரின் உள்ளே துளி அமிலம் தங்கினாலும், கிடங்கில் கிடக்கும்போதே மருந்து தானாகச் சிதைந்து சூடேறித் தீப்பிடிக்கும். நைட்ரோகிளிசரினுக்குக் குளிர்ந்த அமிலத்தில் கிளிசரினைச் சிறிது சிறிதாக விட வேண்டும். வினை நடக்கும்போது வெப்பம் பிறந்துகொண்டே இருக்கும். அது 20-களின் தொடக்கத்து டிகிரி செல்சியஸைத் தாண்டத் தொடங்கினால் கிளிசரினை உடனே நிறுத்த வேண்டும். அப்படியும் வெப்பமானி ஏறினால் அடியிலுள்ள குழாயைத் திறந்து மொத்தத்தையும் கீழே உள்ள தண்ணீர்த் தொட்டியில் கொட்டிவிட வேண்டும். முடிவெடுக்கச் சில நொடிகள்தான் இருக்கும். குளிர்ந்த நீலகிரி இந்த வேலைக்கு ஏன் தோதான இடம் என்பது இதிலிருந்தே புரியும். பிறகு இரண்டையும் அசிட்டோன் விட்டு மாவாகப் பிசைந்து, வாசலின் சேர்த்து, இடியாப்பம் பிழிவதுபோல் அச்சில் பிழிந்து, அசிட்டோன் போகும் வரை உலர்த்துவார்கள். தடித்த கயிறென்றால் உலர வாரக்கணக்காகும். அவசரப்பட்டு ஈரத்தோடு அனுப்பினால் குண்டு ஒவ்வொன்றும் ஒவ்வொரு தூரத்தில் விழும். வாசலினைச் சேர்த்தது குழலுக்கு வழவழப்பாக இருக்கட்டும் என்றுதான். அதுவே மருந்து கெடாமல் காக்கிறது என்பது பிறகுதான் தெரிந்தது.

இரண்டு உலகப் போர்களின்போதும், விடுதலைக்குப் பின் வந்த ஒவ்வொரு போரின்போதும் இந்த ஆலை இருந்தது. அதன் வாசலில் வேலைக்கு நுழைந்தவர்களின் பங்கை எந்த நிதிப் பட்டியலில் தேடுவது?

தமிழ்நாடு ‘எல்லையிலிருந்து வெகுதூரம்’ என்று சிலர் சொல்லும் பேச்சும் எனக்கு ஒப்பவில்லை. கடலும் எல்லைதான். 1914 செப்டம்பர் 22 இரவு ஜெர்மனியின் எம்டன் கப்பல் சென்னைத் துறைமுகத்தருகே வந்து நூற்றுக்கும் மேற்பட்ட குண்டுகளைச் சுட்டு எண்ணெய்த் தொட்டிகளைக் கொளுத்தியது. ‘அவன் பெரிய எம்டன்’ என்று நாம் பேசுவது அந்த இரவின் மிச்சம். 1942 ஏப்ரலில் ஜப்பானியர் வருகிறார்கள் என்று நகரமே காலியானது. மறு ஆண்டு ஒற்றை ஜப்பானிய விமானம் வந்து குண்டும் போட்டது. 1971-ல் விக்ராந்த் கப்பலைத் தேடிவந்த பாகிஸ்தானின் காஸி நீர்மூழ்கி முதலில் தேடியது சென்னைக் கடற்பகுதியில்தான். பிறகே விசாகப்பட்டினம் போய் அங்கே மூழ்கியது.

ஆட்களைப் பற்றி. தென்னிந்தியர் போருக்கு லாயக்கில்லை என்று பிரிட்டிஷார் ‘போர்க்குலம்’ என்றொரு கோட்பாடு வைத்திருந்தார்கள். 1758-ல் வேர்விட்ட மதராஸ் காலாட்படையின் பட்டாலியன்களை 1920-களின் முடிவுக்குள் கலைத்தே விட்டார்கள். இரண்டாம் உலகப் போரில் ஆள் போதாமல் போனதும் அதே மதராஸ் ரெஜிமென்ட்டை மறுபடி எழுப்பினார்கள். சோற்றுக்கு வழியில்லாமல் சேர்ந்தவர்கள் என்று அவர்களை இன்றும் சிலர் சொல்வதைக் கேட்கும்போது எனக்குக் கோபம் வருகிறது. காஞ்சிபுரம் பக்கத்தைச் சேர்ந்த சுபேதார் சுப்பிரமணியன், ராணுவத்தின் பொறியாளர் படையான மதராஸ் சாப்பர்ஸ்காரர். 1944-ல் இத்தாலியின் மிக்னானோவில் கண்ணிவெடி அகற்றும்போது உடன் வந்தவரின் கால் ஒரு கண்ணியில் பட்டது. வெடிக்கச் சில விநாடிகளே இருந்தன. அதன்மேல் தானே விழுந்து மற்றவர்களைக் காத்தார். இறந்தபின் அவருக்கு ஜார்ஜ் கிராஸ் என்ற பிரிட்டிஷ் வீரப் பதக்கம் கொடுத்தார்கள்.

அந்தப் படையில் சிப்பாய்க்குப் பெயரே ‘தம்பி’. அவர்கள் வேலையைக் கொஞ்சம் அருகில் போய்ப் பாருங்கள். இரவு, குப்புறப் படுத்த நிலை, கையில் ஒரு கூர்க்கம்பி. அதை மண்ணில் சுமார் 30 டிகிரி சாய்வாகக் குத்த வேண்டும். நேராகக் குத்தினால் கண்ணியின் அழுத்தத் தட்டில் பட்டு வெடிக்கும், சாய்த்துக் குத்தினால் பக்கவாட்டில் தட்டும். உலோகத்தைக் கண்டறியும் கருவி இருக்கிறதே என்றால், உலோகம் இல்லாத கண்ணிக்கு அது வாய் திறக்காது. டேங்க் போகும் அகலத்துக்குப் பாதை திறந்து, இருபுறமும் நாடா கட்டி, விளக்கு வைத்து, அடுத்த அடிக்கு நகர வேண்டும். எதிரி சுட்டுக்கொண்டே இருப்பான். 1971 டிசம்பர் 15-16 இரவு பசந்தர் ஆற்றங்கரையில் 9-வது பொறியாளர் ரெஜிமென்ட்டின் மதராஸ் சாப்பர்கள் இதைத்தான் செய்தார்கள். பாதை முழுதாகத் திறப்பதற்குள் எதிரி டேங்குகள் வருவதாகச் செய்தி வர, பூனா ஹார்ஸ் டேங்குகள் மீதிக் கண்ணி வயலை அப்படியே கடந்து போயின. எதிர்க்கரையில் சராஜ் சக் என்ற இடத்தைப் பிடித்தது மதராஸ் ரெஜிமென்ட்டின் 16-வது பட்டாலியன். ஒன்றை மறைக்கக் கூடாது: ‘மதராஸ்’ என்ற பெயரில் தென்மாநிலங்கள் அனைத்தின் பிள்ளைகளும் உண்டு. முழுப் பெருமையையும் நாம் மட்டும் எடுத்துக்கொள்ள முடியாது.

நிதிக்கு வருவோம். 1962 சீனப் போரின்போது தாலியைத் தவிர மற்றதைக் கழற்றிக் கொடுத்த பெண்களும் உண்டு, பிரிவினைக் கோரிக்கையையே ஒதுக்கிவைத்து நாட்டின் பக்கம் நின்ற அண்ணாவும் உண்டு. யார் எவ்வளவு கொடுத்தார் என்ற தொகைகளை ஆளுக்கொரு கணக்காகச் சொல்கிறார்கள். அதைவிட, பட்டியலில் ஏறாத ஒன்றைச் சொல்கிறேன்.

சீனப் போரையடுத்து அந்நியச் செலாவணியைக் காக்க 1963 ஜனவரியில் தங்கக் கட்டுப்பாடு வந்தது. புதிய நகை 14 காரட்டைத் தாண்டக் கூடாது என்றது சட்டம். 22 காரட்டில் நூற்றுக்கு 91.6 பங்கு தங்கம், 14 காரட்டில் 58.3 மட்டும். மீதி செம்பும் வெள்ளியும். அந்தக் கலவை கடினமானது. கம்பியாக இழுக்கும்போது அடிக்கடி நெருப்பில் காட்டி இளக்காவிட்டால் அறுந்துபோகும். அணிந்தால் சீக்கிரம் கறுக்கும். தாலிக்கு அதை யார் வாங்குவார்? வாங்கவில்லை. குழந்தைப் பருவத்திலிருந்து ஊதுகுழலும் குறடும் தவிர வேறு தெரியாத பத்தர்களின் பட்டறைகளில் உலை அணைந்தது. நன்கொடை கொடுத்தவருக்கு ரசீது கிடைத்தது. பத்தருக்கு அதுவும் இல்லை. 14 காரட் வரம்பு 1966-ல்தான் தளர்ந்தது. அந்த ஆண்டுகளில் வேறு வேலைக்குப் போனவர்களில் எத்தனையோ பேர் பட்டறைக்குத் திரும்பவே இல்லை.