நெருக்கடிநிலையை முடித்துவைப்பது யார்?

அன்புள்ள ஆசிரியருக்கு,

போர், பெருவெள்ளம் போன்ற நேரங்களில் அரசு விவாதித்துக்கொண்டிருக்க முடியாது. அதனால்தான் சட்டமே அரசுக்குச் சிறப்பு அதிகாரம் தருகிறது. சட்டம் அனுமதித்ததைத்தானே அரசு செய்கிறது, அதற்கு ஏன் பயப்பட வேண்டும்?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

அவசரத்துக்கு அதிகாரம் வேண்டும் என்பது சரி. அதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் இந்தச் சட்டங்களைப் படிக்கும்போது நான் முதலில் தேடுவது, கொடுத்ததைத் திரும்ப வாங்க என்ன வழி என்பதைத்தான்.

ஜெர்மனியில் முதல் உலகப் போருக்குப் பின் எழுதப்பட்ட வைமார் அரசமைப்பில் 48-ஆவது பிரிவுப்படி குடியரசுத் தலைவர் அடிப்படை உரிமைகளைத் தற்காலிகமாக நிறுத்திவைக்கலாம். நாடாளுமன்றம் கேட்டால் ஆணையை விலக்கிக்கொள்ள வேண்டும் என்றும் அதிலேயே இருந்தது. 1933 பிப்ரவரி 27 இரவு நாடாளுமன்றக் கட்டடம் எரிந்தது. மறுநாளே ஆணை வந்தது. அதை வைத்தே ஹிட்லரின் அரசு எதிர்க்கட்சி உறுப்பினர்களைக் கைது செய்தது. அப்புறம் விலக்கச் சொல்லிக் கேட்க யார் மிச்சம்? அந்த ஆணை 1945 வரை நீடித்தது.

இந்தியாவில் 1975 ஜூன் 25 இரவு நெருக்கடிநிலை அறிவிப்பில் குடியரசுத் தலைவர் கையெழுத்திட்டார். அமைச்சரவை கூடி ஒப்புதல் தந்ததோ மறுநாள் காலையில். 'உள்நாட்டுக் குழப்பம்' என்ற சொல்லே காரணமாகப் போதுமானதாக இருந்தது. விசாரணையின்றிச் சிறையில் இருப்பவர் ஆட்கொணர்வு மனு (தன் காவல் சட்டப்படியானதா என்று நீதிமன்றத்தைக் கேட்கும் மனு) போட முடியாது என்று 1976-இல் உச்ச நீதிமன்றமே சொன்னது. ஐந்து நீதிபதிகளில் எச்.ஆர். கன்னா ஒருவர்தான் மறுத்தார். அவரை நினைக்காமல் என்னால் இதைப் பற்றி எழுத முடியாது.

நம் அரசமைப்பின் 44-ஆவது திருத்தம் (1978) பட்ட காயங்களைப் பார்த்து எழுதியது. 'உள்நாட்டுக் குழப்பம்' என்பதை 'ஆயுதக் கிளர்ச்சி' என்று மாற்றிச் சொல்லை இறுக்கினார்கள். அமைச்சரவை முடிவு எழுத்தில் வர வேண்டும். ஒரு மாதத்துக்குள் இரு அவைகளும் ஏற்க வேண்டும், பிறகு ஆறு மாதத்துக்கொருமுறை மீண்டும். 21-ஆவது பிரிவு தரும் உயிர்வாழும் உரிமையை நிறுத்திவைக்கவே முடியாது.

'சட்டம் அனுமதித்ததைத்தானே' என்கிறீர்கள். எகிப்தில் 1981-இல் அறிவித்த நெருக்கடிநிலையைச் சட்டப்படியே நீட்டித்து நீட்டித்து 2012 வரை கொண்டுபோனார்கள்.

எனக்குப் பிடித்தது தென்னாப்பிரிக்க ஏற்பாடு. அறிவிப்பின் ஆயுள் 21 நாள். முதல் நீட்டிப்புக்குச் சாதாரணப் பெரும்பான்மை போதும், அடுத்ததிலிருந்து 60 சதவீதம் வேண்டும். நாள் ஆக ஆக நீட்டிப்பது கடினமாகிறது. நீங்கள் சொல்லும் வெள்ளத்தில் மக்களை மீட்க 21 நாள் பெரும்பாலும் போதும். அதற்கு மேலும் வேண்டுமென்றால் அரசு அவைக்கு வந்து காரணம் சொல்லட்டும்.