கடன் வாங்கிப் பொறியியல் வேண்டாம், அம்மா

பாம்பனிலிருந்து நீங்கள் எழுதிய கடிதத்தில், பச்சை குத்தும் தொழிலுக்குப் போக வேண்டும் என்ற மகளின் விருப்பம் ஒரே வரியில் முடிந்துவிட்டது. அது வேண்டாம், பொறியியல் சேருங்கள் என்று கொழுந்தனாரும் நாத்தனாரும் சொன்னவைதான் இரண்டு பக்கம். பதற்றம் புரிகிறது. ஆனால் நிர்வாக ஒதுக்கீட்டில் பொறியியல் சேர்க்க வீட்டை அடகு வைக்காதீர்கள். ஏப்ரல் 15 முதல் 61 நாள் மீன்பிடித் தடைக்காலத்தில் வருமானம் நின்றுபோகும் விசைப்படகுக் குடும்பம், கணக்கே பிடிக்காத பெண்ணுக்காக அந்தக் கடனைச் சுமக்கக் கூடாது. இதில் நான் இறங்கி வரமாட்டேன்.

'பெண் பிள்ளை பச்சை குத்துவதா?' என்பவர்களிடம், அவர்கள் பாட்டியின் முன்கையில் கோலம் குத்தியது யார் என்று கேளுங்கள். ஊர் ஊராக வந்து குத்தியவர்களில் பெண்களே பலர்.

படகுகளில் பெயர் எழுதிப் பழகிய கை அவளுடையது. அது பெரிய முதல். ஆனால் தோல் பலகை அல்ல. மேல்தோல் உதிர்ந்துகொண்டே இருக்கும். மை அதற்கடியில், ஒன்றிரண்டு மில்லிமீட்டர் ஆழத்தில் உள்தோலில் தங்க வேண்டும். மேலே நின்றால் மங்கும், ஆழம் போனால் கசிந்து பரவும். வருடங்கள் போகப்போக கோடுகள் சற்று விரியும் என்பதால், 'ண'வைப் பொடியாகக் குத்தினால் சுழிகள் அடைத்துக்கொள்ளும். எவ்வளவு இடம் விடுவது என்பது செயற்கைத் தோலில் மாதக்கணக்கில் பழகினால்தான் கைக்கு வரும். இறந்த தகப்பனின் பெயரைத் தன் உடம்பில் சுமக்க வருகிறவருக்கு ஓர் எழுத்தும் பிசகக் கூடாது.

பட்டமும் வேண்டுமென்றால் கும்பகோணம் அரசு கவின் கலைக் கல்லூரியில் ஓவியம் படிக்கட்டும். தொழிலில் வருமானம் முதலில் மெதுவாகத்தான் வரும், தாங்கிக்கொள்ளுங்கள்.

ஒரு வாரத்தில் கற்றுத் தருகிறோம் என்பவர்களிடம் ஒரு ரூபாய்கூடக் கட்டாதீர்கள். பழகப் போகும் இடத்தை நீங்களே நேரில் பாருங்கள். ஊசி உறையை வாடிக்கையாளர் கண்முன் பிரிக்கிறார்களா? மைக் கிண்ணம் ஒவ்வொருவருக்கும் புதிதா? திரும்பப் பயன்படும் கருவிகளை 121 டிகிரி செல்சியஸ் வெப்பத்தில், அழுத்த நீராவியில் கிருமி நீக்குகிறார்களா? பயன்படுத்திய ஊசி துளைபடாத பெட்டிக்குள் போகிறதா? திருவிழாக் கூட்டத்தில் ஒரே ஊசியால் பலருக்குக் குத்துவதில் ஹெபடைடிஸ் பி, சி, எச்.ஐ.வி. மூன்றும் பரவக்கூடும்.

கடலோரக் காவல்படை, ராணுவம் என்ற எண்ணமும் அவளுக்கு இருந்தால், தன் உடம்பில் குத்திக்கொள்வதை மட்டும் தள்ளிப்போடட்டும்; அந்தத் தேர்வுகளில் கட்டுப்பாடு உண்டு.

அவளுடைய பழைய தடுப்பூசி அட்டையைத் தேடி எடுங்கள். ஹெபடைடிஸ் பி விடுபட்டிருந்தால் முதல் தவணையை இந்த மாதமே போட்டுவிடுங்கள். மூன்று தவணையும் முடிய ஆறு மாதம் ஆகும்.