கட்ஸ்லோவில் சாலையின் பெயர் ஏன் பாதியில் மாறுகிறது

அன்புள்ள தம்பிக்கு,

ஆக்ஸ்போர்டின் வடக்கே கட்ஸ்லோவில் இரண்டு வீடுகள் பார்த்து வைத்திருப்பதாகவும், வென்ட்வொர்த் சாலையில் உள்ளதற்கு வாடகை அதிகம், ஆல்ட்ரிச் சாலையில் உள்ளதற்குக் குறைவு என்றும் எழுதியிருந்தீர்கள். வரைபடத்தில் இரண்டும் ஒரே நேர்கோட்டுச் சாலையாகத் தெரிகையில் பெயர் மட்டும் ஏன் நடுவில் மாறுகிறது என்றும், "அது கவுன்சில் (நகராட்சி) வீடுகள் இருக்கும் பக்கம், யோசித்துக்கொள்" என்று உடன் வேலை பார்ப்பவர் சொன்னதில் ஏதேனும் பொருள் உண்டா என்றும் கேட்டிருந்தீர்கள். இரண்டு கேள்விகளுக்கும் விடை ஒன்றே: பெயர் மாறும் இடத்தில் ஒரு காலத்தில் சுவர் நின்றது.

ஆக்ஸ்போர்டின் கௌலி பகுதியில் மோரிஸ் கார் தொழிற்சாலை வளர வளர, 1920களிலும் 30களிலும் வேலை தேடி ஆக்ஸ்போர்டுக்கு ஆட்கள் குவிந்தார்கள். அதே காலத்தில் நகரின் நடுவே இருந்த நெரிசலான பழைய குடியிருப்புகளை இடித்து, அங்கிருந்தவர்களை வெளியே குடியமர்த்தும் வேலையும் நடந்தது. இவர்களுக்காக நகரக் கவுன்சில் கட்ஸ்லோவில் வாடகை வீடுகளைக் கட்டியது. அதை ஒட்டிய நிலத்தை வாங்கிய 'அர்பன் ஹவுசிங் கம்பெனி' என்ற தனியார் நிறுவனம் நடுத்தர வர்க்கத்தினருக்காக வீடுகள் எழுப்பியது. பக்கத்தில் குடிசைப்பகுதி மக்கள் குடியேறினால் தன் வீடுகள் விலை போகா என்று அஞ்சிய நிறுவனம், 1934 டிசம்பரில் இரண்டு சாலைகளின் குறுக்கே, இரண்டு மீட்டருக்கும் மேல் உயரமான, உச்சியில் இரும்பு முட்கள் பதித்த சுவர்களை எழுப்பிவிட்டது. ஒன்று வென்ட்வொர்த் சாலைக்கும் ஆல்ட்ரிச் சாலைக்கும் இடையில். மற்றது கார்ல்டன் சாலைக்கும் வுல்சி சாலைக்கும் இடையில்.

கவுன்சில் வீட்டுக்காரர்களுக்கு இது வெறும் அவமானமாக மட்டும் இருக்கவில்லை. கடைகளும் பேருந்தும் இருந்த பான்பரி சாலை மேற்கே கூப்பிடு தூரத்தில் இருந்தும், அங்கே போக சுமார் 600 மீட்டர் சுற்ற வேண்டியதாயிற்று. கைக்குழந்தையோடு கடைக்குப் போகும் ஒரு தாய் அந்தச் சுற்றை நாள்தோறும் நடந்தாக வேண்டும்.

எதிர்ப்பு சும்மா இருக்கவில்லை. 1935 மே மாதம் ஏப் லாசரஸ் என்ற கம்யூனிஸ்ட் தலைவரின் அழைப்பில் மக்கள் சுவரை இடிக்கத் திரண்டார்கள், காவல்துறை தடுத்துவிட்டது. 1938இல் கவுன்சிலே சாலை போடும் உருளை இயந்திரத்தைக் கொண்டுவந்து சுவர்களைத் தகர்த்தது. ஆனால் நிலம் நிறுவனத்துடையது என்பதால் அது மீண்டும் கட்டிக்கொண்டது. போர்க்காலத்தில், 1943இல், பயிற்சியில் இருந்த இராணுவ டாங்கி ஒன்று சுவரை உடைத்துக்கொண்டு போனது; அதையும் திரும்ப எழுப்பினார்கள். ஊர்வலத்துக்கும் உருளைக்கும் டாங்கிக்கும் அசையாத சுவர், கடைசியில் பத்திரப் பதிவுக்குப் பணிந்தது. சுவர் நின்ற துண்டு நிலத்தைக் கவுன்சில் 1,000 பவுண்டுக்குக் கட்டாயக் கொள்முதல் செய்து, 1959 மார்ச் 9 அன்று இடிப்பைத் தொடங்கியது. இருபத்து நான்கு ஆண்டுகள் நின்ற ஒன்று, அப்போதுதான் ஓய்ந்தது.

சுவர் போனாலும் பெயர்கள் போகவில்லை. ஆல்ட்ரிச் சாலை 34ஆம் எண் வீட்டில் 2006இல் பதித்த நீல வட்டப் பலகை அந்த இடத்தைக் காட்டுகிறது. அங்கே நின்று இரு பக்கமும் பாருங்கள்: மேற்கே முன்னால் புடைத்த வளைவு சன்னல் வைத்த வீடுகள், கிழக்கே அலங்காரமில்லாத எளிய செங்கல் வீடுகள். இன்று உள்ளே இருப்பவர்களைப் பற்றி அந்த வேறுபாடு எதையும் சொல்லாது. 1980ஆம் ஆண்டு வீட்டுவசதிச் சட்டம் கவுன்சில் குடியிருப்பாளர்களுக்குத் தங்கள் வீட்டை வாங்கும் உரிமை தந்த பிறகு, இத்தகைய வீடுகள் பலவும் கைமாறித் தனியார் வாடகைக்கும் வந்துவிட்டன. உங்களுக்குக் கிடைத்ததும் அப்படி வந்ததாகவே இருக்கலாம். "கவுன்சில் பக்கம்" என்று இன்னும் சிலர் சொல்வது, தங்கள் வீட்டு விலை குறையும் என்று 1934இல் ஒரு நிறுவனம் பட்ட பயத்தின் எச்சம் என்பதே என் எண்ணம். இந்த நாட்டில் வர்க்க வேறுபாட்டை வாய்விட்டுச் சொல்லமாட்டார்கள். "கொஞ்சம் சத்தமான இடம்" என்பார்கள், "பள்ளி சரியில்லை" என்பார்கள். பள்ளியைப் பற்றி அறிய, பள்ளிகளை ஆய்வு செய்யும் அரசு அமைப்பான ஆஃப்ஸ்டெட்டின் அறிக்கை இருக்கிறது, அதைப் படியுங்கள்.

என்னைக் கேட்டால் ஆல்ட்ரிச் சாலை வீட்டையே முதலில் போய்ப் பாருங்கள். 2015இல் திறந்த ஆக்ஸ்போர்டு பார்க்வே நிலையம் வடக்கே பக்கத்தில் இருப்பதால், லண்டன் மேரிலிபோனுக்குப் போகவும் வசதி. வீடு எவ்வளவு சிக்கனமாக ஆற்றலைச் செலவிடும் என்பதை A முதல் G வரை தரப்படுத்தும் ஆற்றல் தரச் சான்றில் எந்த எழுத்து இருக்கிறது என்று ஏஜென்டிடம் கேளுங்கள். குளிர்காலத்தில் வாடகையில் மிச்சம் பிடித்ததை எரிவாயுக் கட்டணமே விழுங்கிவிடக்கூடும். டெபாசிட்டாக ஐந்து வார வாடகைக்கு மேல் கேட்டால் கொடுக்காதீர்கள், சட்டம் அதற்கு இடம் தரவில்லை. வடக்குப் பார்த்த அறையில் அலமாரி இருந்தால், கூச்சப்படாமல் அதை நகர்த்திப் பின்சுவரில் பூஞ்சை பிடித்திருக்கிறதா என்று பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள்.